தார்யாவின் கடைசிப் பிரதி

2014 ஜூலையில் ஒரு சனிக்கிழமைக் காலை. ஆக்லாந்தின் ஹில்ஸ்பரோ பகுதியில் தன் வீட்டுச் சமையலறைத் தரையில், சிதறிய காகிதங்களின் மேல் உட்கார்ந்திருந்தார் லித்யா வெர்பினா. வயது எழுபத்தேழு. கதவருகில் அசைவு தெரிந்து நிமிர்ந்தார். கணவரின் மருமகன் மகேசனுடைய மனைவி கௌரி நின்றுகொண்டிருந்தாள். கையில் கைபேசி. அவள் முதுகுக்குப் பின்னால் இருந்த கண்ணாடி அலமாரியில் கைபேசியின் திரை பிரதிபலித்தது. அந்தத் திரையில் ஒரு சிவப்புப் புள்ளி.

கேமரா ஓடுகிறதா இல்லையா என்று லித்யாவுக்கு யாரும் சொல்லவேண்டியதில்லை. மாஸ்கோ ஸ்டூடியோவில் பதினோரு ஆண்டுகள் கேமரா முன் நின்றவர். மெல்ல எழுந்து காகிதங்களைப் பொறுக்கி மார்போடு சேர்த்துக்கொண்டார். யாரோடு பேசிக்கொண்டிருந்தீர்கள் என்று கௌரி ஆங்கிலத்தில் கேட்டாள். மிகவும் அன்பாகக் கேட்டாள். அந்த அன்புதான் அவரை நடுங்க வைத்தது.

தரையில் உட்கார்ந்ததற்குக் காரணம் உண்டு. ரஷ்ய நடிகர்களிடையே ஒரு வழக்கம்: பாத்திரத்தின் வசனம் எழுதிய தாள் கைதவறி விழுந்தால், அதன்மேல் ஒரு கணமாவது உட்கார்ந்துவிட்டுத்தான் எடுக்கவேண்டும். இல்லாவிட்டால் அந்த வேடம் கையைவிட்டுப் போய்விடும். மூடநம்பிக்கைதான், லித்யாவுக்காக அதற்கு அழகான பெயர் எதுவும் சூட்டப் போவதில்லை. ஆனால் அதே வீட்டு வாசலில் ஒரு எலுமிச்சம்பழமும் ஏழு பச்சை மிளகாயும் கம்பியில் கோத்துத் தொங்கின. தொங்கவிட்டவள் கௌரி. அதை யாரும் படம் எடுத்து டாக்டருக்கு அனுப்பவில்லை.

அந்தத் தாள்களில் என்ன இருந்தது என்று சொல்ல, ஐம்பது ஆண்டுகள் பின்னால் போகவேண்டும்.

லித்யா வோல்கா நதிக்கரையில் சரதோவ் நகரத்தில் பிறந்தவர். அப்பா ரயில் தண்டவாளம் மாற்றுகிற தொழிலாளி. பதினெட்டு வயதில் மாஸ்கோவுக்குப் போய் சினிமாக் கல்லூரியில் சேர்ந்தார். இருபத்திரண்டில் முதல் படம். கூட்டுப்பண்ணையில் டிராக்டர் ஓட்டும் பெண். வயலின் நடுவே திரும்பிப் பார்த்துச் சிரிப்பாள். அந்தச் சிரிப்பு தேசம் முழுவதும் சுவரொட்டியாக ஒட்டப்பட்டது. சைபீரியச் சுரங்கத் தொழிலாளிகளிடமிருந்து சாக்கில் கட்டிக் கடிதங்கள் வந்தன. அந்தச் சிரிப்பை வைத்து இன்னும் நான்கு படம் எடுத்தார்கள். நான்கிலும் டிராக்டர்.

1967இல் ஆர்கதி என்ற இளம் இயக்குநர் அவரிடம் வேறு ஒரு கதை கொண்டுவந்தார். 'தார்யாவின் ஏழு கடிதங்கள்.' பண்ணைத் தலைவர் தானியம் திருடுவதைப் பார்த்துவிட்ட ஒரு கிராமத்துப் பெண் மேலிடத்துக்கு ஏழு கடிதம் எழுதுகிறாள். ஏழாவது கடிதத்துக்குப் பதிலாக ஒரு மருத்துவர் வருகிறார், அவளுக்குப் புத்தி சரியாக இருக்கிறதா என்று சோதிக்க. அந்தச் சோதனைக் காட்சியைப் பத்தொன்பது தடவை எடுத்தார்கள். ஒவ்வொரு தடவையும் லித்யா அழுதார், கெஞ்சினார், கோபப்பட்டார். ஆர்கதி தலையாட்டி மறுத்தார். "புத்தி சரியாக இருக்கிறது என்று நீ நிரூபிக்க நிரூபிக்கப் பைத்தியம் மாதிரித்தான் தெரிவாய். நிரூபிக்காதே. கேட்டதற்குப் பதில் சொல்லு. உனக்கு அலுப்பாக இருக்கட்டும்." பத்தொன்பதாவது தடவை லித்யா அலுப்போடு பதில் சொன்னார். ஆர்கதி கேமராவை நிறுத்தச் சொன்னார்.

படத்தை ஒன்பது அதிகாரிகள் ஒரே ஒரு முறை பார்த்தார்கள். விளக்கு எரிந்ததும் எழுந்து போனார்கள். படம் பரணில் ஏறியது. ஆர்கதி தார்யாவைப் போலவே கடிதம் எழுதத் தொடங்கினார். அவர் வீட்டுக்கும் ஒரு மருத்துவர் வந்தார். உங்களுக்குக் குரல்கள் கேட்குமா என்று அவர் கேட்க, நான் சினிமா இயக்குநர், எனக்குக் குரல்கள் கேட்காவிட்டால் சம்பளம் கிடைக்காது என்றார் ஆர்கதி. அந்தப் பதிலை அப்படியே கோப்பில் எழுதிக்கொண்டு மனநோய் விடுதியில் அடைத்தார்கள். இரண்டு ஆண்டுகள் மாத்திரையும் ஊசியும். வெளியே வந்தபோது கை நடுங்கியது. லித்யா பார்க்கப் போயிருந்தார். தன் படத்தின் பெயர் ஆர்கதிக்கு நினைவில்லை.

பசித்தவனின் பெயரால் ஆட்சியைப் பிடித்தவர்கள், பசிக்கிறது என்று சொன்னவளுக்குப் பைத்தியப் பட்டம் கட்டினார்கள். ஒரு கொள்கை எப்போது செத்தது என்று கேட்பவர்கள் இந்தத் தேதிகளையும் குறித்துக்கொள்ளட்டும்.

சில ஆண்டுகளில் படச்சுருளின் பூச்சில் இருந்த வெள்ளியைப் பிரித்தெடுப்பதற்காக அதைக் கழுவிவிட்டார்கள் என்று பின்னால் தெரியவந்தது. தடை செய்த படங்களைத் தூசு தட்டி வெளியிட்ட எண்பதுகளின் இறுதியில் லித்யா கடிதம் எழுதிக் கேட்டார். அப்படி ஒரு படம் பதிவேட்டில் இல்லை என்று இரண்டு வரியில் பதில் வந்தது.

ஆகவே படம் ஒரே ஓர் இடத்தில்தான் மிஞ்சியது. லித்யாவின் வாயில். ஒன்பது சுருள், நாளுக்கு ஒரு சுருளாகத் தினமும் காலையில் சமையலறையில் நின்று முழுப் படத்தையும் பேசுவார். தார்யாவை மட்டுமல்ல, தலைவரை, தாயை, மருத்துவரை, வாசலில் குரைக்கும் நாயைக்கூட. தாள்களில் தார்யாவின் வரிகள் மட்டும்தான் இருந்தன. எந்த இடத்தில் எவ்வளவு நேரம் மௌனம், யார் குரல் எங்கே உடையும் என்பதெல்லாம் தொண்டையில் இருந்தன. ஒன்பதாம் சுருளில் தார்யா மூன்று முறை கத்துவாள்: "நான் பைத்தியம் இல்லை!"

கௌரி படம்பிடித்தது ஒன்பதாம் சுருள்.

லித்யாவின் கணவர் நவரத்தினம் யாழ்ப்பாணத்துச் சுன்னாகத்துக்காரர். நீர்ப்பாசனப் பொறியியல் படிக்க மாஸ்கோவுக்கு வந்த மாணவர். ஆப்பிரிக்கத் துறைமுகத் தொழிலாளியாகக் கூட்டத்தில் நிற்க ஆள் வேண்டுமென்று ஸ்டூடியோக்காரர்கள் மாணவர் விடுதிக்கு லாரி அனுப்பினார்கள். அவர் ஏறிக்கொண்டார். போதுமான அளவு கறுப்பாக இல்லை என்று அவர் முகத்தில் மை தடவியபோது, ஊரிலே அம்மா கடலைமாவு தேய்த்ததெல்லாம் வீணாகப் போயிற்று என்று அவர் சொன்ன அரைகுறை ரஷ்ய மொழி லித்யாவைச் சிரிக்க வைத்தது. டிராக்டர் இல்லாமல் அவர் சிரித்த முதல் சிரிப்பு அதுதான் என்று நவரத்தினம் ஆயுள் முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்தார்.

1970இல் திருமணம். அந்நியனை மணந்தவளுக்குத் திரையில் இடமில்லை. யாரும் அப்படிச் சொல்லவில்லை. வேடம் வரவில்லை, அவ்வளவுதான். டப்பிங் பிரிவுக்கு மாற்றினார்கள். இந்திப் படங்களுக்கு ரஷ்யாவில் அப்போது அவ்வளவு கூட்டம். எட்டு ஆண்டுகள், அழுகிற கதாநாயகிகளுக்கெல்லாம் லித்யாதான் குரல். அந்தத் தொழிலின் முதல் விதி, திரையில் இருப்பவரின் உதடுகள் மூடும்போது உன் உதடுகளும் மூடவேண்டும். பார்த்துக்கொண்டே பேசு, யோசிக்காதே. லித்யா உதடுகளைப் பார்த்தே பேச்சைப் பிடிக்கக் கற்றுக்கொண்டார். பிற்காலத்தில் காது மந்தமானபோது அந்தப் பழக்கம்தான் அவருக்குக் காது.

1978இல் இலங்கைக்குப் போனார்கள். லித்யா கிளம்பியதும் ஐந்து டிராக்டர் படங்களின் பெயர்ப் பட்டியலிலிருந்தும் அவர் பெயரை வெட்டினார்கள். சிரிப்பு இருந்தது, பெயர் இல்லை. சுன்னாகத்தில் கணவர் வீட்டுக்குப் போன முதல் நாள், வழியெல்லாம் மனப்பாடம் செய்த நான்கு தமிழ் வாக்கியங்களைக் கூடத்தில் நின்று சொன்னார். பெண்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அடுத்த வீட்டுக்காரி வந்ததும், "இன்னொருக்காச் சொல்லுங்கோ" என்றார்கள். மாலைக்குள் பதினொரு முறை சொல்ல வைத்தார்கள். பதினொன்றாம் முறைக்குப் பிறகு அந்த வாய் தமிழுக்குப் பூட்டிக்கொண்டது.

காது பூட்டிக்கொள்ளவில்லை. கொழும்பில் ஐந்து ஆண்டுகள். எண்பத்துமூன்று ஜூலைக் கலவரத்தில் வீட்டுக்குத் தீ வைத்தார்கள். பிறகு சாம்பியா, தொண்ணூறில் ஆக்லாந்து. எல்லா இடத்திலும் லித்யா தமிழைக் கேட்டுக்கொண்டே இருந்தார். எந்த வீட்டு விருந்திலும் ஒரு பிளேட்டோடு ஓரமாக உட்கார்ந்து சிரித்தபடி இருப்பார். "மாமிக்கு ஒண்டும் விளங்காது, நீங்கள் கதையுங்கோ" என்பார்கள். யாருடைய மகள் யாரோடு போய்விட்டாள், யாருடைய விசா திரும்பி வந்தது, எந்த மாப்பிள்ளை குடிக்கிறான் என்பதெல்லாம் அவர் முன்னால்தான் பேசினார்கள். வெள்ளைத்தோல் இருந்தால் காதில் தமிழ் ஏறாது என்பது நம்மவர்கள் ஆராயாமலே நம்புகிற விஷயங்களில் ஒன்று. உண்மை தெரிந்தவர் நவரத்தினம் மட்டும்தான். வீட்டுக்குத் திரும்பும் காரில் இரண்டு பேரும் கண்ணில் நீர் வரச் சிரிப்பார்கள். நவரத்தினமும் ஒருவரிடமும் சொல்லவில்லை.

2011இல் நவரத்தினம் மாரடைப்பில் இறந்தார். குழந்தைகள் இல்லை. இருந்த ஒரே உறவு மகேசன். நவரத்தினத்தின் தங்கை மகன், ஐடி வேலை, மாசி என்ற புறநகரில் மனைவியும் இரண்டு பெண்களும் வீட்டுக் கடனும். நாட்டுக்கு வந்த புதிதில் ஒன்றரை வருடம் லித்யா வீட்டில் இருந்தவன். காரியங்கள் முடிந்த மாதத்தில் ஒரு பத்திரத்தைக் கொண்டுவந்தான். பவர் ஆஃப் அட்டர்னி. லித்யாவுக்குத் தானாக முடிவெடுக்கும் புத்தி இல்லாமல் போனால் அவர் எங்கே இருக்க வேண்டும் என்பதை மகேசன் முடிவு செய்யலாம். அந்தப் பத்திரம் ஒரு டாக்டர் கையெழுத்துப் போடும்வரை வெறும் காகிதம். போட்ட மறுகணம் உயிர் பெற்றுவிடும். லித்யா கையெழுத்திட்டார். வேறு யாரிடம் கொடுப்பது?

மகேசனைக் கொடியவன் என்று எழுதிவிட்டுப் போவது எளிது. அவன் மாமாவின் சாம்பலைக் கையில் ஏந்தியபோது உடைந்து அழுதவன். மாமி தனியாகப் பேசுவதைப் பார்த்து முதலில் நிஜமாகவே பயந்துதான் போனான். அந்தப் பயம், அந்த வீடு இருக்கிற விலையைப் பார்த்ததும் மெல்ல மெல்ல ஒரு வசதியாக மாறியது. எப்போது மாறியது என்று அவனுக்கே தெரிந்திருக்காது.

முதலில் பேய் என்றார்கள். 2013இல் கௌரி ஒரு பூசாரியை அழைத்துவந்து வாசலில் பூசணிக்காய் உடைத்தாள். மாமா ஆவியாக வந்து மாமியோடு ரஷ்ய மொழியில் பேசுகிறாராம். நவரத்தினம் உயிரோடு இருந்தபோதே கோயில் வாசலை மிதிக்காதவர். செத்த பிறகு பூசணிக்காய்க்குப் பயப்படுவாரா? பேய் போகவில்லை என்றதும் டிமென்ஷியா, மறதிநோய் என்றார்கள். மொழி மாறியது, பூசாரிக்குப் பதில் டாக்டர் வந்தார். நோக்கம் அப்படியே இருந்தது.

பிறகு வீட்டில் சின்னச் சின்ன விஷயங்கள் இடம் மாறத் தொடங்கின. சாவி குளிர்பெட்டிக்குள் கிடைத்தது. காதுக் கருவியின் பாட்டரி புதிதாகப் போட்ட மறுநாளே தீர்ந்துபோனது. ஒரு வெள்ளிக்கிழமை கௌரி வந்து பால் காய்ச்சினாள். அவள் போன அரைமணியில் மகேசன் வந்து, அடுப்பு எரிந்துகொண்டிருப்பதைப் படம் எடுத்தான். லித்யா குடும்ப டாக்டரிடம் இதையெல்லாம் சொன்னார். பொருள்களை யாரோ மறைக்கிறார்கள், தன்னைக் கண்காணிக்கிறார்கள் என்று. டாக்டர் இரக்கத்தோடு தலையசைத்தார். அதுவும் இந்த நோயின் ஆரம்பக் குறிதான் என்று மகேசனிடம் தனியாகச் சொன்னார். லித்யா அதைக் கண்ணாடிக் கதவு வழியாக அவர் உதடுகளில் படித்தார்.

ஆகஸ்டில் ஒரு நாள், சும்மா பார்த்துவிட்டு வரலாம் என்று அவரைக் கிளென்ஃபீல்டில் ஒரு முதியோர் இல்லத்துக்கு அழைத்துப் போனார்கள். உள்ளே ஒரு தனிப்பகுதி. கதவில் எண்கள் அழுத்தினால்தான் திறக்கும். ஜன்னலோரம் ஒரு கிழவி வாயைத் திறந்தபடி உட்கார்ந்திருந்தாள். இவர் முன்பு சதா பாடிக்கொண்டே இருப்பார் என்று அங்கிருந்த பெண் சொன்னாள். இப்போது ஏன் பாடவில்லை என்று லித்யா கேட்டார். மற்றவர்களுக்குத் தொந்தரவாக இருந்தது, மாத்திரையை மாற்றினோம், இப்போது அமைதியாகிவிட்டார் என்றாள் அவள், ஒரு நல்ல செய்தியைச் சொல்வது போல.

லித்யாவுக்கு வீடு போவது பற்றிக் கவலை குறைவு. மூன்று நாடுகளில் வீட்டை விட்டவர். அந்தக் கதவுக்குப் பின்னால் முதலில் நின்றுபோவது அந்தக் காலைப் பேச்சு. அதோடு ஒன்பது சுருளும். ஆர்கதிக்கு நடந்தது மறுபடி நடக்கும், இந்த முறை சுத்தமான படுக்கையில், நல்ல சூப்போடு.

செப்டம்பர் நடுவில் முதியோர் மருத்துவமனையில் பரிசோதனை. நிபுணர் முப்பதைத் தாண்டிய ஒரு வெள்ளைக்காரப் பெண். மகேசனும் கௌரியும் ஓரத்தில் உட்கார்ந்தார்கள். டாக்டரின் மேசையில் கௌரி எடுத்த படம் ஓடி முடிந்திருந்தது. தரையில் காகிதத்தின் மேல் ஒரு கிழவி, கத்துகிறாள்.

லித்யா நாற்காலியில் சாய்ந்துகொண்டார். பத்தொன்பதாவது டேக். நிரூபிக்காதே.

இன்று என்ன நாள்? சொன்னார். மூன்று சொற்களை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். வைத்துக்கொண்டார். ஒரு கடிகாரம் வரைந்து, பதினொன்று பத்தைக் காட்டுங்கள். வரைந்தார், முட்கள் கொஞ்சம் நடுங்கின. அலுப்போடு பதில் சொன்னார். டாக்டரின் புருவம் மெல்ல மாறியது. படத்தில் பார்த்த பெண்ணும் இந்தப் பெண்ணும் பொருந்தவில்லை.

கௌரிக்கும் அது தெரிந்தது. கணவன் பக்கம் குனிந்து, குரலைக்கூடத் தாழ்த்தாமல், தமிழில் பேசினாள். ஏன் தாழ்த்தவேண்டும்? அறையில் இருந்த மற்ற இரண்டு பேரும் வெள்ளைக்காரர்கள்.

"இண்டைக்கு எண்டு பாத்து நல்லா நடிக்கிறா. அடுப்புக் கதையைச் சொல்லுங்கோ."

"அது நீர் பால் காய்ச்சிப்போட்டு விட்ட அடுப்பு."

"அவவுக்கு அது ஞாபகம் இருக்கே? சொல்லுங்கோப்பா. கிளென்ஃபீல்ட் அறையை வெள்ளிக்கிழமை மட்டும்தான் பிடிச்சு வைப்பினமாம்."

என்ன விஷயம் என்று டாக்டர் கேட்டார். மாமியின் சாப்பாட்டு நேரத்தைப் பற்றிப் பேசினோம் என்றான் மகேசன். பிறகு அடுப்புக் கதையைச் சொன்னான். நன்றாகவே சொன்னான். கௌரி மறுபடி குனிந்தாள்.

"வீட்டை விட்டு வெளிக்கிட்டுத் திரியிறதையும் சொல்லுங்கோ. கையெழுத்து வாங்கினால் காணும், மிச்சத்தைப் பிறகு பாப்பம்."

அப்போது அறையில் இன்னொரு குரல் எழுந்தது. கௌரியின் குரல், ஆனால் ஆங்கிலத்தில். லித்யா கௌரியின் உதடுகளைப் பார்த்தபடி, அரைநொடி பின்னால், அவள் சொல்வதைச் சொல்லிக்கொண்டிருந்தார். கௌரியின் வாய் மூடியபோது அவர் வாயும் மூடியது.

"இதென்னப்பா இது?" என்றாள் கௌரி. அதுவும் ஆங்கிலத்தில் வந்தது, அதே திகைப்போடு.

"வாயை மூடும்" என்றான் மகேசன். அது ஓர் ஆணின் தாழ்ந்த குரலில் வந்தது.

பிறகு லித்யா டாக்டரைப் பார்த்து, இதற்கு முன் இருவரும் பேசிய மூன்று வரிகளையும் இரண்டு குரல்களில் நிகழ்த்திக் காட்டினார். பாலையும், அடுப்பையும், வெள்ளிவரை காத்திருக்கும் அறையையும். முப்பத்தாறு ஆண்டுகளுக்குப் பிறகு டப்பிங் கூடத்தில் நின்றதுபோல் இருந்தது அவருக்கு. கொஞ்சம் மகிழ்ச்சியாகக்கூட இருந்தது என்று பின்னால் ஒப்புக்கொண்டார். அதுதான் அவர் செய்த தவறு.

டாக்டர் பேனாவைக் கீழே வைக்கவில்லை. கௌரி முதலில் சுதாரித்தாள். கண்ணில் நீர் வரவழைத்துக்கொண்டு ஆங்கிலத்தில் சொன்னாள்: பாருங்கள் டாக்டர், வீட்டிலும் இதேதான், ஆண் குரல், பெண் குரல், நாய்க் குரல், மாமிக்குத் தமிழில் ஒரு சொல் தெரியாது, பன்னிரண்டு வருடமாக நான் கேட்டதில்லை, ஆக்லாந்தில் எந்தத் தமிழரை வேண்டுமானாலும் கேளுங்கள். அவள் சொன்னதில் கடைசிப் பகுதி உண்மை. யாரைக் கேட்டிருந்தாலும் அப்படித்தான் சொல்லியிருப்பார்கள்.

டாக்டர் நாற்காலியை முன்னால் இழுத்துக்கொண்டு, மென்மையாகக் கேட்டார். லித்யா, இப்படிக் குரல்கள் உங்களுக்கு அடிக்கடி கேட்குமா?

அதே கேள்வி. நாற்பத்தைந்து ஆண்டுகள் கடந்து, கடல்களைத் தாண்டி, அதே மென்மையோடு வந்து நின்றது. ஆர்கதியின் பதில் அவர் நாக்கின் நுனியில் இருந்தது. அதை விழுங்கினார்.

"எனக்குக் காது கேட்பதில்லை, டாக்டர். நான் பார்க்கிறேன்" என்றார். பிறகு, தமிழ் தெரிந்த ஒருவரைக் கூப்பிடுங்கள் என்றார். அலுப்போடு.

இரண்டாம் மாடியிலிருந்து கிளாரா என்ற நர்ஸ் வந்தாள். மலேசியாவில் ஈப்போவில் பிறந்தவள். பெயரைக் கேட்டு நிம்மதியடைந்த மகேசன், அவள் முகத்தைப் பார்த்ததும் தரையைப் பார்த்தான். டாக்டர் விஷயத்தை விளக்கினார். கிளாரா லித்யாவின் முன்னால் குந்தி உட்கார்ந்து, உதடுகள் தெரியும்படி நிதானமாகப் பேசினாள்.

"வணக்கம் ஆண்ட்டி. நீங்க பேசுங்க. எனக்கு அவசரம் இல்ல."

லித்யா வாயைத் திறந்தார். ஒன்றும் வரவில்லை. சுன்னாகத்துக் கூடம், வயிற்றைப் பிடித்துச் சிரிக்கும் பெண்கள், பதினொரு முறை. கௌரியின் உதட்டோரம் நெளிவதைப் பார்த்தார். டாக்டரின் பேனா காத்திருந்தது.

"அடுப்பை நான் விடேல்லை" என்றார் லித்யா. ஒவ்வொரு எழுத்திலும் ரஷ்ய மொழி ஏறி உட்கார்ந்திருந்தது. "கௌரி பால் காய்ச்சினவ. வெள்ளிக்கிழமை. இப்ப அதைத்தான் ரெண்டு பேரும் கதைச்சவை."

கிளாரா சிரிக்கவில்லை. "உங்களுக்குத் தமிழ் தெரியும்னு இவங்களுக்கு ஏன் ஆண்ட்டி சொல்லல?"

"ஒருத்தரும் கேக்கேல்லை."

கிளாரா எழுந்து டாக்டரிடம் எல்லாவற்றையும் ஆங்கிலத்தில் சொன்னாள். இந்த அம்மா பேசுவது அசல் யாழ்ப்பாணத் தமிழ், எனக்கே பாதிதான் பிடிபடுகிறது என்றும் சேர்த்தாள். பிறகு கௌரி பக்கம் திரும்பினாள். "பால் காய்ச்சினது யாரு, அக்கா?"

மகேசன் எழுந்தான். "நான் போய்க் காரை எடுக்கிறன்" என்று யாரையும் பார்க்காமல் சொல்லிவிட்டு வெளியே போனான்.

டாக்டர் கையெழுத்துப் போட்டார், வேறு ஒரு தாளில். புத்தி தெளிவாக இருக்கிறது, முடிவுகளைத் தானே எடுக்க வல்லவர் என்று. அந்த வாரமே ஒரு வக்கீலைப் பார்த்து லித்யா பழைய பத்திரத்தை ரத்து செய்தார். பூட்டை மாற்றினார். வாசலில் தொங்கிய எலுமிச்சம்பழத்தை அறுத்துத் தேநீரில் பிழிந்து குடித்தார். யார் மீதும் வழக்கு இல்லை. குடும்ப விஷயம் என்றார்கள் எல்லோரும். அந்த ஒரு சொல்லை வைத்து எத்தனை அறைகளை வெளிப்பக்கமாகப் பூட்டிவிடுகிறார்கள்!

வென்றார் என்று இங்கே முடித்திருக்கலாம். அப்படி முடியவில்லை.

அடுத்த ஜனவரியில் பொங்கல் விழாவுக்குப் போனார். அவர் உட்கார்ந்த மேசையில் பேச்சு நின்றது. பிறகு யாரோ ஆங்கிலத்தில் வெயிலைப் பற்றிச் சொன்னார்கள், எல்லோரும் ஆங்கிலத்தில் வெயிலைப் பற்றிப் பேசினார்கள். தங்கள் ரகசியங்களையெல்லாம் முப்பது வருடம் கேட்டுக்கொண்டிருந்தாள் கள்ளி என்று கௌரி தரப்பில் கதை பரவியிருந்தது. டாக்டரின் முகத்துக்கு நேரே பொய் சொன்ன கௌரி மேல் யாருக்கும் கோபம் இல்லை. நவரத்தினத்தோடு அவரை இணைத்து வைத்திருந்தது அந்தக் காதில் விழுந்த தமிழ்தான். அதுவும் போயிற்று. அதன்பின் அவர் விழாக்களுக்குப் போகவில்லை.

கிளாரா மட்டும் வியாழக்கிழமைகளில் வந்தாள். ஒன்பது சுருளின் கதையைக் கேட்டவள், ஒரு நாள், இதை நான் பதிவு செய்கிறேன் ஆண்ட்டி, இல்லாவிட்டால் உங்களோடு போய்விடும்லா என்றாள். லித்யா யோசித்துச் சரி என்றார். அன்று தலை வாரி, உதட்டுச் சாயம் பூசிக்கொண்டு வந்தார். கிளாரா கைபேசியைச் சர்க்கரை டின்னில் சாய்த்து வைத்து, படம் சரியாக விழுகிறதா என்று லித்யாவே பார்த்துக்கொள்ளட்டும் என்று திரையை அவர் பக்கம் திருப்பிவிட்டாள். பொத்தானை அழுத்தினாள். சிவப்புப் புள்ளி வந்தது.

லித்யா புள்ளியைப் பார்த்தார். சோதனைக் காட்சியைத் தொடங்கினார். உதடுகள் அசைந்தன. குரல் வரவில்லை. தண்ணீர் குடித்துவிட்டு மறுபடி தொடங்கினார். அப்போதும் வரவில்லை. அதற்கு முன்பே, கௌரி படம்பிடித்த அந்தச் சனிக்கிழமையிலிருந்தே, காலையில் ஜன்னலைச் சாத்திக்கொண்டு உதட்டால் மட்டும்தான் பேசிவருகிறார் என்று கிளாராவுக்கு அன்றுதான் தெரிந்தது. பழக்கமாகிவிட்டது, விடமுடியவில்லை என்றார் லித்யா. ஆனாலும் நிறுத்தவில்லை. ஒன்பது நிமிடம், மருத்துவராகவும் தார்யாவாகவும் மாறிமாறி, சத்தமில்லாமல் முழுக் காட்சியையும் நடித்து முடித்தார்.

2018 மே மாதத்தில் தன் வீட்டில், தன் படுக்கையில் இறந்தார். மகேசன் ஒரு பெரிய ரோஜா மாலையோடு வந்தான். அழுதான், அந்த அழுகை நடிப்பு என்று சொல்ல முடியாது.

கிளாராவிடம் அந்த ஒன்பது நிமிடம் இருக்கிறது. கடிகாரம் துடிக்கிற சத்தமும், கெட்டிலில் நீர் கொதித்து அடங்குகிற சத்தமும் கேட்கும். கிளென்ஃபீல்ட் கடைத்தெருவில் தையல் கடை வைத்திருக்கும் ஒரு ரஷ்யப் பெண்ணிடம் அதைக் கொண்டுபோய்க் காட்டினாள். உதடுகளைப் பார்த்து இரண்டு வார்த்தையாவது சொல்ல முடியுமா என்று கேட்டாள். அந்தப் பெண் கண்ணாடியை மாட்டிக்கொண்டு கடைசிவரை பார்த்தாள். மறுபடி ஒருமுறை போடச் சொல்லிப் பார்த்தாள். பிறகு கைபேசியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, கிளாராவின் தோளை மெல்லத் தொட்டுக் கேட்டாள்.

"பாவம். டிமென்ஷியாவா?"